கோதுமைக் கப்பலும் கணக்கு எழுதிய கையும்

நம் சங்கத்தின் மூத்த உறுப்பினர்களிடம் 1966-ஆம் ஆண்டைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள். ஊரில் மழை இல்லை. அன்றைய பம்பாயில் அரிசி இல்லை. விடியுமுன் ரேஷன் கடை வாசலில் பையை வைத்து, பைமேல் ஒரு கல்லை வைத்துவிட்டு வருவார்களாம். கல் வரிசையில் நிற்கும். ஆள் வேலைக்குப் புறப்படும் நேரத்தில் பெண்கள் வந்து கல்லுக்குப் பதிலாக நிற்பார்கள். மூன்று மணி நேரம் நின்றால் பையில் விழுவது அமெரிக்காவிலிருந்து கப்பலில் வந்த கோதுமை.

சோறு தின்று வளர்ந்த நெல்லைச் சீமைப் பெண்களுக்கும் வடஆர்க்காட்டுப் பெண்களுக்கும் ரொட்டி தட்டத் தெரியாது. பக்கத்து வீட்டு மராத்தியத் தாய்மார்கள் மாவு பிசையக் கற்றுக் கொடுத்தார்கள். அதுவும் பிடிபடாதவர்கள் கோதுமையைக் குருணையாக உடைத்து, சோறு பொங்குவது போலப் பொங்கிக் குழம்பு ஊற்றிப் பிள்ளைகளுக்குப் போட்டார்கள். பிள்ளைகள் முகத்தைச் சுளித்தன. ஆனாலும் பசி ஆறியது.

அந்தக் கோதுமை எப்படி வந்தது? யார் போய்க் கேட்டார்கள்? யார் கொடுத்தார்கள்? என்ன நிபந்தனை பேசினார்கள்? விலையை யார் கட்டினார்கள்? வரிசையில் நின்ற எவரிடமும் எவரும் இதைச் சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்றும் எவருக்கும் தோன்றவில்லை. கப்பலுக்கும் ரேஷன் பைக்கும் நடுவே டில்லியிலும் வாஷிங்டனிலும் சில அறைகள் இருந்தன. அந்த அறைகளில் கணக்குப் புத்தகத்தோடு உட்கார்ந்திருந்த சில மனிதர்களும் இருந்தார்கள். அவர்களில் முக்கியமான ஒருவரைப் பற்றி இத்திங்கள் எழுதுகிறோம். அவர் பெயர் இந்திரப்பிரசாத் கோர்தன்பாய் படேல். பொருளியல் உலகம் அவரை ஐ.ஜி.படேல் என்று அறியும்.

பெரிய பதவியில் இருந்தவர்களுக்குப் பாராட்டுரை எழுதுவது இந்த ஏட்டின் வேலையன்று. அவர் நடந்த பாதையை ஒட்டியே நம் ரேஷன் அட்டையின் வரலாறும் நடந்து வந்திருக்கிறது. அதனால்தான் எழுதுகிறோம்.

மூன்று கேள்விகள்

கடன் என்றால் என்ன என்று உழைக்கும் குடும்பத்துக்கு யாரும் வகுப்பு எடுக்க வேண்டியதில்லை. ஊரில் தங்கைக்குக் கல்யாணம். மகனுக்குப் பள்ளிக் கட்டணம். மழைக்காலத்தில் கூரை மாற்ற வேண்டும். கைமாற்று வாங்குகிறோம், சீட்டை முன்கூட்டியே எடுக்கிறோம், வட்டிக்காரரிடம் போகிறோம். அப்போது வீட்டிலிருக்கும் பெண்கள் மூன்று கேள்வி கேட்பார்கள். எதற்காக வாங்குகிறோம்? கொடுப்பவன் என்ன நிபந்தனை போடுகிறான்? எப்போது அடைத்து முடிப்போம்?

இந்த மூன்றுக்கும் பதில் தெரியாமல் வாங்கிய கடன் எந்தக் குடும்பத்தை வாழ வைத்திருக்கிறது? ஒரு நாடு வெளிநாட்டில் கை நீட்டும்போதும் கேட்க வேண்டியவை இதே மூன்று கேள்விகள்தாம். டாலர், ஒப்பந்தம், தவணை என்று பெயர்கள் பெரிதாக இருக்கலாம், கேள்வி சிறிதாகிவிடாது. இந்த மூன்று கேள்விகளையும் இருபது ஆண்டுக் காலம் அரசாங்கத்துக்குள் இருந்து கேட்டவர்களில் ஒருவர் படேல். அவர் எங்கே சரியாகக் கேட்டார், எங்கே அவர் கணக்கில் நம்மைப் போன்றவர்கள் விடுபட்டுப் போனார்கள் என்று பார்ப்போம்.

எதற்காக வாங்கினோம்?

1924 நவம்பர் 11-இல் குஜராத்தில் பிறந்தவர் படேல். பரோடாவில் படித்து, பம்பாய்ப் பல்கலைக்கழகத் தேர்வில் சிறந்து, இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜுக்குப் போய் ஆராய்ச்சிப் பட்டம் பெற்றார். திரும்பி வந்து பரோடாவில் சிறிது காலம் பேராசிரியர். 1950-இல் வாஷிங்டனிலுள்ள பன்னாட்டு நிதியத்தில் சேர்ந்தார். 1954-இல் நிதியமைச்சகத்துக்கு வந்தபோது அவருக்கு வயது முப்பது.

அப்போது இரண்டாவது ஐந்தாண்டுத் திட்டம் உருவாகிக்கொண்டிருந்தது. எஃகு வேண்டும், மின்சாரம் வேண்டும், எந்திரம் செய்யும் எந்திரம் வேண்டும் என்று நாடு புறப்பட்டது. எந்திரத்தை வெளிநாட்டில் வாங்க அந்நியச் செலாவணி வேண்டும். இரண்டாம் உலகப் போரின்போது பிரிட்டன் நம்மிடம் பட்ட கடன் லண்டனில் நம் பெயரில் ஸ்டெர்லிங் இருப்பாகக் கிடந்தது. அதை எடுத்துச் செலவழித்தோம். 1957-க்குள் அந்த இருப்பு வேகமாகக் கரைந்துவிட்டது. பாதி கட்டிய வீட்டின் நடுவில் கையில் காசில்லாமல் நின்ற கொத்தனார் நிலைதான்.

1958 ஆகஸ்டில் உலக வங்கி முன்னின்று ஒரு கூட்டம் கூட்டியது. அமெரிக்கா, பிரிட்டன், மேற்கு ஜெர்மனி, கனடா, ஜப்பான் ஆகிய நாடுகள் உட்கார்ந்து, இந்தியாவுக்கு யார் எவ்வளவு கொடுப்பது என்று பேசின. இந்திய உதவிக் குழு என்று பெயர் பெற்ற அந்த ஏற்பாடு ஆண்டுதோறும் கூடலாயிற்று. இந்தியாவின் தேவை இவ்வளவு, திட்டம் இது, திருப்பிக் கட்டும் வழி இது என்று காகிதம் தயாரித்து, கொடுப்போரின் எதிரில் உட்கார்ந்து வாதாடும் வேலை நிதியமைச்சகப் பொருளியலாளர்கள் தலையில் விழுந்தது. 1961-இல் படேல் தலைமைப் பொருளாதார ஆலோசகரானார். இடையில் டில்லியில் சிறிது காலம் கற்பித்துவிட்டு, மீண்டும் அதே பொறுப்புக்கு வந்தார்.

“உதவி” என்ற சொல்லைக் கேட்டு ஏமாந்துவிடக் கூடாது. வந்ததில் பெரும்பகுதி கடன். வட்டி குறைவு, தவணை நீளம்; ஆனால் கடன் கடன்தான். அதிலும் பல கடன்களுக்குக் கயிறு கட்டியிருந்தார்கள். கொடுத்த நாட்டிலேயே எந்திரம் வாங்க வேண்டும். வேறெங்காவது பாதி விலைக்குக் கிடைத்தாலும் வாங்கக் கூடாது. தானமாகக் கொடுத்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்காதே என்பார்கள் நம் ஊரில். இது தானமாக வந்த மாடன்று. தவணைக்கு வந்த மாடு. பல்லைப் பிடித்துத்தான் பார்க்க வேண்டும். ஆலோசகரின் வேலையே அதுதான்.

ஆனாலும் முதல் கேள்விக்கு அன்றைய தலைமுறை சொன்ன பதிலை நாம் குறைத்து மதிப்பிட முடியாது. பிலாய் எஃகு ஆலை சோவியத் உதவியோடு எழுந்தது. ரூர்க்கேலா மேற்கு ஜெர்மனியின் உதவியோடு. துர்காபூர் பிரிட்டனின் உதவியோடு. நெய்வேலியில் பழுப்பு நிலக்கரியைக் கொண்டு மின்சாரம் எடுக்கும் நிலையத்துக்கு சோவியத் நாடு துணை நின்றது. சென்னை ஐ.ஐ.டி. 1959-இல் மேற்கு ஜெர்மனியின் உதவியோடு தொடங்கியது. பொகாரோ ஆலைக்கு அமெரிக்கா கை விரித்தபோது சோவியத் நாடு கை கொடுத்தது. ஒரு கடையில் மட்டும் கடன் வைத்தவன் அந்தக் கடைக்காரனுக்கு அடிமை. இரண்டு கடையில் வைத்தவனுக்குக் கொஞ்சம் மூச்சு விட முடியும். அந்த மூச்சை டில்லி அன்று புத்திசாலித்தனமாகவே விட்டது. பிலாய்க்குப் பிழைக்கப் போய் அங்கேயே வேரூன்றிய தமிழ்க் குடும்பங்களுக்கு இதை நாம் விளக்க வேண்டியதில்லை.

எந்த நிபந்தனைக்கு வாங்கினோம்?

எந்திரக் கடன் ஒருபுறம் இருக்க, உணவுக் கடன் வேறு வகையானது. 1956 ஆகஸ்டில் அமெரிக்காவோடு முதல் உணவு ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. அமெரிக்காவின் பொதுச்சட்டம் 480-இன் கீழ் வந்ததால் பி.எல்.480 கோதுமை என்று பெயர். 1960 மே மாதத்தில், பம்பாய் அரசியலில் கோலோச்சிய எஸ்.கே.பாட்டீல் மத்திய உணவு அமைச்சராக இருந்து, நான்கு ஆண்டுகளில் 1.6 கோடி டன் கோதுமையும் 10 லட்சம் டன் அரிசியும் பெற ஒப்பந்தம் செய்தார்.

இதில் ஒரு வசதி இருந்தது. விலையை டாலரில் கொடுக்க வேண்டாம். ரூபாயில் கொடுத்தால் போதும். அந்த ரூபாய் இந்தியாவிலேயே அமெரிக்காவின் கணக்கில் சேரும். அதில் ஒரு பகுதியை அவர்கள் தங்கள் தூதரகச் செலவுக்கு வைத்துக்கொள்வார்கள். பெரும்பகுதியை நமக்கே கடனாகத் திருப்பிக் கொடுப்பார்கள். கேட்பதற்கு இனிக்கும் ஏற்பாடு. ஆனால் நகரத்து ரேஷன் கடையில் வெளிநாட்டுக் கோதுமை மலிவாகக் கிடைக்கும்போது, உள்நாட்டு உழவனுக்கு விளைச்சலைப் பெருக்க வேண்டும் என்ற அவசரம் அரசுக்குக் குறைந்துபோனது. அந்தச் சோம்பலுக்குரிய விலை 1965-இல் வந்து சேர்ந்தது.

1965 செப்டம்பரில் பாகிஸ்தானோடு போர். அமெரிக்கா பொருளாதார உதவியை நிறுத்தியது. அதே ஆண்டு பருவமழை பொய்த்தது. 1964-65-இல் 8.9 கோடி டன்னாக இருந்த உணவு தானிய விளைச்சல் அடுத்த ஆண்டு 7.2 கோடி டன்னாக விழுந்தது. 1966-இலும் மழை இல்லை, பீகாரில் பஞ்சம். அந்த ஓராண்டில் மட்டும் ஏறத்தாழ ஒரு கோடி டன் தானியம் கப்பலில் வர வேண்டியிருந்தது. அமெரிக்க அதிபர் ஜான்சன் மொத்தமாக அனுப்பாமல் மாதக் கணக்கில் அளந்து அளந்து விட்டார். வியட்நாமில் குண்டு போடுவதை இந்திரா காந்தி கண்டித்தபோது கப்பல்கள் மேலும் தாமதித்தன. நம் வீட்டுப் பெண்கள் பைமேல் கல் வைத்துக் காத்திருந்தது இந்தக் கப்பல்களுக்காகத்தான்.

கோதுமையோடு இன்னொரு நிபந்தனையும் வந்தது. ரூபாயின் மதிப்பைக் குறைக்க வேண்டும் என்று உலக வங்கியும் பன்னாட்டு நிதியமும் அமெரிக்காவும் வற்புறுத்தின. நிதியமைச்சராக இருந்த டி.டி.கிருஷ்ணமாச்சாரி அதை எதிர்த்தவர். அவர் 1965 இறுதியில் பதவி விலகினார். நிதியமைச்சகத்துச் செயலாளர் எஸ்.பூதலிங்கம், ஆலோசகர் படேல் முதலிய அதிகாரிகள், ரூபாயின் பழைய மதிப்பு நிலைக்காது, குறைப்பதே முறை என்று கருதினார்கள். 1966 ஜூன் 6-இல் குறைத்தார்கள். ஒரு டாலர் வாங்க 4 ரூபாய் 76 காசு கொடுத்த நாடு, அன்று முதல் 7 ரூபாய் 50 காசு கொடுக்க வேண்டியதாயிற்று. பழைய டாலர் கடன்களை அடைக்க, நூறு ரூபாய் போதுமான இடத்தில் 157 ரூபாய் வேண்டும் என்றாயிற்று.

ஆளும் கட்சியின் தலைவராக இருந்த காமராஜர் இந்த முடிவை ஏற்கவில்லை. தம்மைக் கலந்து கொள்ளவில்லை என்ற வருத்தமும் அவருக்கு இருந்தது. மதிப்பைக் குறைத்தால் பெருந்தொகை உதவி ஆண்டுதோறும் வரும் என்று சொன்ன வாக்கும் முழுமையாக நிறைவேறவில்லை. முதலாண்டுக்குப் பிறகு உதவி சுருங்கியது. நிபந்தனையை நாம் நிறைவேற்றினோம். எதிர்த்தரப்பு தன் பங்கில் குறை வைத்தது. எழுதி வாங்காத வாக்கு எத்தனை நாள் நிற்கும் என்பது வட்டிக்காரரோடு பழகிய எவருக்கும் தெரியும்.

இங்கேதான் நாம் படேலிடமும் அவர் உடனிருந்தவர்களிடமும் ஒரு குறையைச் சொல்ல வேண்டியிருக்கிறது. ரூபாயின் மதிப்பு பொய்யாக உயர்ந்திருந்தது என்பது அவர்கள் வாதம். பொருளியல் முறைப்படி அந்த வாதத்தில் உண்மை இருக்கலாம். பிற்காலத்தில் பலர் அதை ஒப்புக்கொண்டும் இருக்கிறார்கள். ஆனால் இரண்டு ஆண்டு வறட்சியின் நடுவில், எண்ணெயும் தானியமும் விலையேறிக் கிடந்த நேரத்தில், பஞ்சப்படி வாங்காத கூலிக்காரனுக்கு என்ன பாதுகாப்பு என்ற கேள்விக்கு அந்தக் காகிதங்களில் பதில் இல்லை. ஆலைத் தொழிலாளிக்குச் சங்கம் இருந்தது. பஞ்சப்படி கேட்டுப் போராட முடிந்தது. கட்டடத்தில் கல் சுமந்தவளுக்கும், தாராவியில் தோல் பதனிட்டவனுக்கும், வீட்டு வேலைக்குப் போனவளுக்கும் எந்தப் படியும் இல்லை. டாலர் கணக்கை ஒரு காசு பிசகாமல் எழுதிய கை, இவர்களை எழுத மறந்தது.

மக்கள் மறக்கவில்லை. 1967 தேர்தலில் தமிழகத்தில் ஆட்சி மாறியது. படி அரிசி அந்தத் தேர்தலின் பெரும் பேச்சாக இருந்தது என்பதை அறியாதவர் யார்?

எப்போது அடைத்து முடிப்போம்?

1967 முதல் 1972 வரை படேல் நிதியமைச்சகத்தில் பொருளாதார விவகாரத் துறையின் உயர் அதிகாரியாக இருந்தார். வெளிநாட்டு உதவி முழுவதும் அந்தத் துறையின் வழியாகத்தான் வரும். மூன்றாவது கேள்வி உரக்கக் கேட்கப்பட்டது இந்த ஆண்டுகளில்தான்.

வலக்கையில் புதுக்கடன் வாங்கி இடக்கையில் பழைய கடனுக்குத் தவணை கட்டும் நிலைக்கு நாடு வந்திருந்தது. நூறு ரூபாய் உதவி என்று பத்திரிகையில் போடுவார்கள்; அதில் கணிசமான பங்கு அப்படியே வட்டியாகவும் தவணையாகவும் கொடுத்தவனிடமே திரும்பிப் போகும். ஆகவே வந்தது எவ்வளவு என்று பாராமல், கழித்தது போக நின்றது எவ்வளவு என்று பார்க்க வேண்டும். 1968 முதல் உதவிக் குழு நாடுகளிடம் பேசிப் பழைய தவணைகளில் சலுகை பெறப்பட்டது.

அடுத்து வந்த நான்காவது ஐந்தாண்டுத் திட்டம் ஒரு குறிக்கோளை வெளிப்படையாக எழுதி வைத்தது. தவணை போக வந்து சேரும் வெளிநாட்டு உதவியைத் திட்ட முடிவுக்குள் பாதியாகக் குறைக்க வேண்டும், பி.எல்.480 தானிய இறக்குமதியை 1971-க்குள் நிறுத்த வேண்டும். உதவி கேட்டுப் போவதையே தொழிலாகக் கொண்ட துறை, உதவி தேவைப்படாத நாளைக் குறித்து வைத்தது. படேலின் பணிக்காலத்தில் நாம் பாராட்ட வேண்டிய பகுதி இதுவே. வைத்தியன் நல்லவனா என்பதை அவன் கொடுக்கும் மருந்தை வைத்து மட்டும் சொல்ல முடியாது. என்றைக்கு மருந்தை நிறுத்தலாம் என்று சொல்கிறானா, அதையும் பார்க்க வேண்டும்.

குறித்த நாள் வந்தது. ஆனால் அதைக் கொண்டு வந்தது நிதியமைச்சகத்துக் காகிதம் மட்டுமன்று. உணவு அமைச்சராக இருந்த நம் பொள்ளாச்சிக்காரர் சி.சுப்பிரமணியம், விஞ்ஞானி எம்.எஸ்.சுவாமிநாதன், வேளாண்மைச் செயலாளர் பி.சிவராமன் ஆகியோர் 1966-இல் மெக்சிகோவிலிருந்து 18,000 டன் கோதுமை விதையை வரவழைத்தார்கள். உண்ணும் கோதுமைக்குக் கை நீட்டிய அதே காலத்தில் விதைக்கும் கோதுமையையும் வாங்கினார்கள். பஞ்சாப், அரியானா உழவர்களின் உழைப்பில் 1967-68-இல் தானிய விளைச்சல் 9.5 கோடி டன்னானது. உரச் செலவு, நீர்க்குறைவு, சிறு உழவனுக்கு எட்டாத விலை என்று அந்தப் புரட்சி பின்னர் கொண்டு வந்த தொல்லைகளும் உண்டு. ஆனாலும் 1971 இறுதியோடு பி.எல்.480 தானியம் நின்றது. அந்த டிசம்பரில் வங்கதேசப் போர் வந்து அமெரிக்கா மறுபடியும் உதவியை நிறுத்தியபோது, 1965-இல் போல நாடு திகைத்து நிற்கவில்லை.

குவிந்து கிடந்த பி.எல்.480 ரூபாய்க் கடனும் பேசித் தீர்க்கப்பட்டது. 1974 பிப்ரவரி 18-இல் அமெரிக்கத் தூதர் மொய்னிஹான் 1,664 கோடி ரூபாய்க்கு ஒரு காசோலையை இந்திய அரசிடம் கொடுத்தார். அதுவரை உலகில் எழுதப்பட்ட காசோலைகளிலேயே பெரியது என்று அது பேசப்பட்டது. ரேஷன் கடையில் நம் பெண்கள் ஒவ்வொரு கிலோவுக்கும் எண்ணிக் கொடுத்த காசு எங்கெங்கோ சுற்றி, ஒரு காகிதமாகி அங்கே வந்து நின்றது என்றால் அது மிகையன்று.

சொல்பவரும் கேட்பவரும்

ஆலோசகர் என்பவர் சொல்லலாம். முடிவு செய்வது ஆட்சி. இதற்கும் படேலின் வாழ்க்கை சாட்சி. 1969 ஜூலையில் 14 பெரிய வங்கிகளை நாட்டுடைமையாக்கிய போது, செய்யலாமா என்று அவரிடம் கேட்கவில்லை. முடிவாகிவிட்டது, ஓர் இரவுக்குள் சட்டத்தையும் குறிப்பையும் தயார் செய்யுங்கள் என்றே சொன்னார்கள் என்று பிற்காலத்தில் அவரே எழுதினார். தயார் செய்து கொடுத்தார். ரிசர்வ் வங்கி ஆளுநராக இருந்த போது, 1978 ஜனவரியில் ஜனதா அரசு 1,000, 5,000, 10,000 ரூபாய் நோட்டுகளைச் செல்லாதவை ஆக்கியது. இதனால் பெரும்பயன் விளையாது, கறுப்புப் பணக்காரர்கள் செல்வத்தைப் பெட்டியில் நோட்டாக வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதில்லை என்பது அவர் கருத்து. அவர் சொன்னது ஏட்டில் கிடந்தது. 2016 நவம்பரில் வங்கி வாசலில் கால் கடுக்க நின்ற நம் மக்களில் எத்தனை பேருக்கு அது தெரிந்திருக்கும்?

1972 முதல் 1977 வரை நியூயார்க்கில் ஐ.நா. வளர்ச்சித் திட்டத்தின் துணைத் தலைவராக இருந்து, உதவி கொடுக்கும் பக்கத்து மேசையிலும் அவர் உட்கார்ந்து பார்த்தார். 1977 டிசம்பர் முதல் 1982 செப்டம்பர் வரை, நம் மும்பையில் கோட்டைப் பகுதியிலுள்ள ரிசர்வ் வங்கியின் ஆளுநர். அக்காலத்தில், 1981-இல், தஞ்சைச் சீமையின் ஆர்.வெங்கட்ராமன் நிதியமைச்சராக இருந்தபோது பன்னாட்டு நிதியத்திடம் 500 கோடி எஸ்.டி.ஆர். கடன் பேசப்பட்டது. எஸ்.டி.ஆர். என்பது அந்த நிதியத்தின் கணக்கு நாணயம். அதுவரை நிதியம் எவருக்கும் கொடுக்காத பெருந்தொகை. நாடாளுமன்றத்தில் கடும் எதிர்ப்பு எழுந்தது. முடிவில் 110 கோடியை எடுக்காமலேயே 1984-இல் இந்தியா ஒப்பந்தத்தை முடித்துக்கொண்டது. கிடைக்கிறது என்பதற்காக எல்லாவற்றையும் எடுத்துவிடாமல் நிறுத்தத் தெரிந்திருந்தது. அந்தப் பாடத்தைப் பிறகு மறந்தோம். 1991-இல் அடகு வைக்கத் தங்கம் விமானமேறியது நாடறிந்த கதை.

அந்த 1991-இல் நிதியமைச்சர் பதவி படேலைத் தேடி வந்தது. லண்டன் பொருளியல் கல்லூரியின் இயக்குநராக 1984 முதல் 1990 வரை இருந்துவிட்டுத் திரும்பியிருந்த அவர், வேண்டாம் என்றார். அதன் பின்னரே மன்மோகன் சிங் அழைக்கப்பட்டார். 2005 ஜூலை 17-இல் நியூயார்க்கில் படேல் காலமானார்.

இன்று நாம் கேட்க வேண்டியது

இந்தக் கதை டில்லியோடு முடிந்திருந்தால் இத்தனை பக்கம் எழுதியிருக்க மாட்டோம். வெளிநாட்டுக் கடன் நம் குடிசை வாசலுக்கே வந்த நாளும் உண்டு.

2002-இல் உலக வங்கிக் கடனோடு மும்பை நகரப் போக்குவரத்துத் திட்டம் தொடங்கியது. இரயில் பாதை அகலமாக, சாலை நீளமாக, பாதையோரம் குடியிருந்த ஒரு லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் இடம்பெயர வேண்டியதாயிற்று. மான்குர்டிலும் வாஷி நாக்காவிலும் அடுக்குமாடிகள் எழுந்தன. வேலை ஓரிடம், வீடு வேறிடம் என்று பலர் தவித்தார்கள். சிறு கடைக்காரர்கள் வாடிக்கையை இழந்தார்கள். அவர்களில் சிலர் ஒரு காரியம் செய்தார்கள். கடன் கொடுத்த வங்கிக்கே ஒரு விசாரணைக் குழு உண்டு, கடனோடு சேர்ந்து விதிமுறையும் உண்டு என்று தெரிந்துகொண்டு, 2004-இல் அதனிடம் முறையிட்டார்கள். குழு விசாரித்தது, மக்கள் சொன்னதில் நியாயம் கண்டது. 2006 மார்ச்சில் உலக வங்கி பணம் கொடுப்பதைச் சில மாதங்கள் நிறுத்தி வைத்தது. குறைகளைச் சரிசெய்ய அரசு ஒப்புக்கொண்ட பிறகே மீண்டும் கொடுத்தது.

அந்த முறையீட்டால் எல்லாக் குறையும் தீர்ந்துவிட்டது என்று நாம் சொல்லவில்லை. ஆனால் எதற்காக, என்ன நிபந்தனைக்கு என்ற கேள்விகளைக் கேட்க கேம்பிரிட்ஜ் பட்டம் தேவையில்லை என்பது அன்று தெரிந்தது. 1966-இல் வரிசையில் நின்றவர்களுக்கு நிபந்தனை தெரியாது. 2004-இல் சிலர் தெரிந்துகொண்டார்கள், பணம் நின்றது. நாற்பது ஆண்டுகளில் நாம் கற்ற பாடம் இது.

மெட்ரோவுக்கும் அதிவேக இரயிலுக்கும் ஜப்பானியக் கடன் வந்திருக்கிறது. வட்டி குறைவுதான், நாடு வளர வேண்டியதுதான். ஆனால் உங்கள் தெருவில் பெரிய திட்டத்துக்குப் பலகை நடப்படும்போது, கடன் யாருடையது, இடம்பெயர்வோருக்கு என்ன எழுதியிருக்கிறது, முறையிட எந்தக் கதவு என்று கேளுங்கள். கேட்கத் தெரியவில்லை என்றால் சங்கத்துக்கு வாருங்கள். சேர்ந்து உட்கார்ந்து காகிதத்தைப் படிப்போம்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நம் பிள்ளைகள் கணினி படிக்கிறார்கள், செவிலியர் படிப்புக்குப் போகிறார்கள், மகிழ்ச்சி. அவர்களில் நாலு பேர் பொருளியலும் படிக்கட்டும். பரோடாவில் படித்த ஒரு பையன் உலக வங்கியின் எதிரில் உட்கார்ந்து நாட்டுக்காகக் கணக்குப் பேசினான். தாராவியிலோ செம்பூரிலோ வளர்ந்த ஒரு பெண் நாளை அந்த நாற்காலியில் உட்கார வேண்டும். ரேஷன் வரிசையில் பாட்டி நின்ற கதை தெரிந்தவள் அந்தக் கணக்கை எழுதினால், பஞ்சப்படி இல்லாதவர்களுக்கும் அதில் ஒரு வரி இருக்கும்.

2022 மே 18-இல் சென்னைத் துறைமுகத்திலிருந்து ஒரு கப்பல் புறப்பட்டது. செலாவணி வற்றி, எரிபொருளுக்கும் பால்மாவுக்கும் மக்கள் வரிசையில் நின்ற இலங்கைக்கு, தமிழ்நாடு அனுப்பிய 40,000 டன் அரிசியின் முதல் பகுதி அதில் போயிற்று. அந்த ஆண்டு இந்தியா இலங்கைக்குக் கொடுத்த கடனும் உதவியும் ஏறத்தாழ 400 கோடி டாலர். கப்பல் ஏற்றிக்கொள்ளும் துறைமுகமாக நாம் மாறியது பெருமைதான். ஆனால் அங்கே கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும் மலையகத்திலும் பையோடு நின்ற தாய்மார்களின் நிலை நமக்குப் புதிதன்று. கை நீட்டியவனின் கூச்சம் அறிந்தவர்கள் நாம். கொடுக்கும் நாளில் அந்த நினைவு நமக்கு இருக்க வேண்டும்.

வாங்கும் நாளிலும் கொடுக்கும் நாளிலும் கணக்கைக் கேட்போம். கேட்கும் உரிமை, வரிசையில் நின்று அந்தக் கணக்குக்குக் காசு கட்டியவர்களுக்கு உண்டு.